அம்மனுக்குக் கொடுத்த பிள்ளை

பூவாத்தாள் காப்பித் தட்டோடு கூடத்துக்கு வந்தபோது, ஜெயகிருஷ்ணன் ஒரு மண் பிள்ளையின் கையைத் தொட்டு விருந்தாளிக்குக் காட்டிக்கொண்டிருந்தார்.

"எண்ணிப் பாருங்க சுஷ்மா. லெஃப்ட் ஹேண்ட்ல ஆறு விரல். செஞ்சவனுக்கு எண்ணிக்கை தப்பிடுச்சு. தப்புன்னு அவனுக்குத் தெரிஞ்சும் இருக்காது. அந்த வெகுளித்தனம்தான் ஃபோக் ஆர்ட். அவ்வளவுதான்."

கைவினைக் கண்காட்சி நடத்தும் சுஷ்மா குனிந்து எண்ணினாள். "ப்யூட்டிஃபுல்" என்றாள்.

ஜெயகிருஷ்ணன் ரயில்வேயில் பெரிய உத்தியோகம் பார்த்து ஓய்வு பெற்றவர். சரஸ்வதிபுரத்து வீடு முழுக்க மண் சாமான்தான். பீங்கானுக்கு ஒரு அலமாரி, சுடுமண்ணுக்கு ஒரு அலமாரி, ஒவ்வொன்றின் தலைக்கு மேலும் ஒரு குட்டி விளக்கு. இதையெல்லாம் துடைத்து வைக்கும் பூவாத்தாளின் சமையலறையில் மட்டும் டியூப்லைட் நாலு மாதமாக விட்டு விட்டு எரிகிறது. அதை மாற்ற மகராசனுக்கு இன்னும் நேரம் வரவில்லை. ஞாயிற்றுக்கிழமை காரில் எங்கோ போய்ச் சாக்கில் சுற்றி எதையோ கொண்டுவந்தார் என்று அவளுக்குத் தெரியும். என்னவென்று இப்போதுதான் பார்க்கிறாள்.

முழ உயரம். நிறம் போய், ஒரு காது உதிர்ந்து, இடுப்பில் மண்ணைத் திரித்து ஒட்டிய அரைஞாண். இடது கைச் சுண்டுவிரலை ஒட்டி, துவரம்பருப்பு அளவுக்கு இன்னொரு விரல். தட்டோடு நெருங்கிப் போய் அந்த விரலையே பார்த்தாள்.

அவள் மகன் தருண்குமாருக்கு ஒன்றரை வயதில் காய்ச்சல் தலைக்கேறி வெட்டி வெட்டி இழுத்தது. கொள்ளேகால் ஆஸ்பத்திரி வராந்தாவில் நாலு நாள் பச்சைத் தண்ணீர் பல்லில் படாமல் உட்கார்ந்து, பிள்ளையைப் பிழைக்க வை, உனக்கு ஒரு பிள்ளை தருகிறேன் என்று ஊர் மாரியம்மனை வேண்டிக்கொண்டாள். பிழைத்தான். குயவர் சித்தையனிடம் போய், நேர்த்திக்கடனாக வைக்கும் மண் உருவாரம் கேட்டபோது, ஆறு விரல் வேண்டும் என்று அடம்பிடித்தாள். அவர் முதலில் முணுமுணுத்தார். அம்மனுக்கு ஆள் மாறிவிடக் கூடாதே என்று அவள் சொன்னதும், மறுபேச்சில்லாமல் ஒரு சிட்டிகை மண்ணை உருட்டி ஒட்டினார். அதற்கப்புறம் இருபத்துரெண்டு வருஷம் அவனுக்கு ஒரு தலைவலிகூட வந்ததில்லை. இப்போது நஞ்சன்கூடு பாக்டரியில் பிரஸ் மெஷினுக்குள் கைவிட்டு வேலை பார்க்கிறான். அவன் கையைக் காக்க நிற்க வேண்டியது இங்கே விளக்குக்குக் கீழே நிற்கிறது.

"ஏனுங்க சார், இதைய எங்கிருந்து எடுத்தாந்தீங்க?"

"ராமாபுரம் தாண்டி ஒரு கோயில். மரத்தடியில கேட்பாரில்லாம கெடந்தது. இன்னும் ரெண்டு மழைக்குத் தாங்காது. நான்தான் காப்பாத்திக் கொண்டுவந்தேன்."

"அது கெடக்கலைங்க. நான் வெச்சது. எம்பையன் உருவாரம். அவனுக்கு ஆறு விரலுங்க, அதான் ஆறு. வெயில்லயும் மழையிலயும் நின்னு அங்கயேதான் கரையோணும். எடுத்துட்டா அம்மனுக்குக் குடுக்காத மாதிரிங்க."

மனுஷனுக்குக் கொஞ்சமாவது வெட்கம் வரும் என்று அவள் நினைத்தாள். எங்கே வந்தது. அவர் முகம் மலர்ந்துபோனது.

"கேட்டீங்களா சுஷ்மா? தப்பே இல்ல, இது போர்ட்ரெய்ட். இதுக்கு ஒரு கதையும் கெடச்சிடுச்சு. பூவாத்தா, பையனை ஒருநாள் கூட்டிட்டு வா. பக்கத்துல நிக்கவெச்சு ஒரு போட்டோ எடுத்துக்கலாம்."

"பையன் பேரென்ன?" என்று கேட்ட சுஷ்மா போனில் குறித்துக்கொள்ளத் தயாரானாள்.

திருப்பி வாங்கத்தான் வாயைத் திறந்தாள். திறந்ததில் அதன் மதிப்பு இன்னும் ஏறிவிட்டது. பூவாத்தாளுக்குத் தன் மேலேயே ஆத்திரம் பற்றிக்கொண்டு வந்தது.

"பேரு எதுக்குங்க? அதைய எங்கிட்டக் குடுத்துருங்க. இருந்த எடத்துலயே கொண்டுபோயி வெச்சர்றேன்."

"அங்க வெச்சா மண்ணாப் போயிடும். இதோட வேல்யூ உனக்குத் தெரியல."

"எனக்குத் தெரியாதுங்களா? ஆஸ்பத்திரி வராந்தாவுல நாலு நாளு உக்காந்திருந்தது நீங்களா, நானா?"

"குரலை எறக்கு. கெஸ்ட் இருக்காங்க. உனக்கு வேலை வேணுமா, வேண்டாமா?"

காப்பித் தட்டை சுஷ்மாவின் முன்னால் வைத்தாள். அலமாரியிலிருந்து பிள்ளையை இரண்டு கையாலும் தூக்கினாள்.

"வெச்சிடு, ஒடைஞ்சிடும்" என்று எழுந்தார். அப்புறம்தான் கோபம் வந்தது. "இது திருட்டு. போலீஸைக் கூப்பிடுவேன்."

"கூப்புடுங்க. எங்கிருந்து எடுத்தீங்கன்னு அவங்ககிட்ட நீங்களே சொல்லுங்க."

அவர் போனை எடுத்தார். சுஷ்மாவைப் பார்த்தார். அவள் தன் போனைச் சோபாவில் கவிழ்த்து வைத்துவிட்டு, ஆறிப்போன காப்பியை ஊதிக் குடிக்க ஆரம்பித்தாள்.

முன்வாசலுக்கு வந்த பிறகுதான் செருப்பு பின்வாசலில் கிடப்பது நினைவுக்கு வந்தது. அதை எடுக்க மறுபடி அந்த வீட்டுக்குள் நுழைய அவளுக்கு மனசில்லை. வெறுங்காலோடு கேட்டைத் திறந்து தெருவில் இறங்கினாள். வாசலில் நின்று அவர் எதையோ சொல்லிக் கத்துவது கேட்டது. திரும்பிப் பார்க்கவில்லை. நாளையிலிருந்து சோற்றுக்கு என்ன வழி என்று நினைக்கப் பயமாக இருந்தது. பஸ் ஸ்டாண்டுக்கு இன்னும் வெகுதூரம் நடக்க வேண்டும். சித்திரை வெயில் தார்ரோட்டில் கொதித்தது. பிள்ளையை இடுப்பில் ஏற்றி வைத்துக்கொண்டாள். இருபத்துரெண்டு வருஷம் வெயிலிலேயே நின்ற மண்தான். ஆனாலும் முந்தானையை இழுத்து அதன் தலையை மூடிக்கொண்டு நடந்தாள்.