முதல் பன்றியின் வால்

எங்கள் வைடன்தால் கிராமத்தில் நவம்பர் வந்தால் பன்றிகளுக்குக் கெட்ட காலம், மனிதர்களுக்குத் திருவிழா. அந்த வருஷம் எனக்கும் கெட்ட காலமாகத்தான் விடிந்தது.

"இந்தப் பன்னியோட முடிச்சுக்கலாம், யுஸ்டினா. கறிய உப்புல போட்டதும் வின்னிபெக் கிளம்பிடலாம். ரயில் பட்டறையில ஆள் எடுக்குறாங்களாம்" என்று பன்றி அறுப்புக்கு முந்தின நாளே என் கணவர் இஸ்பிராண்ட் சொல்லிவிட்டார்.

எனக்குப் போக மனமில்லை. இந்த ஊர்க்காரர்களை விட்டுவிட்டு வின்னிபெக்கில் யாரோடு சண்டை போடுவேன்?

போர் வந்தபோது எங்கள் ஊர்ப் பையன்கள் கிறிஸ்தவச் சபையின் விதிப்படி துப்பாக்கி தூக்க மாட்டோம் என்று சொல்லி, அரசாங்க முகாம்களுக்கு மரம் நடப் போனார்கள். இவர் மட்டும் பட்டாளத்தின் மருத்துவப் பிரிவில் சேர்ந்து, அடிபட்டவர்களைச் சுமந்தார். ஒரு குண்டுகூடச் சுடவில்லை. ஆனால் சீருடை போட்டுவிட்டார். சபை அவரை விலக்கியது. திரும்பி வந்ததும், எல்லார் முன்னாலும் எழுந்து நின்று தப்பு என்று சொன்னால் சேர்த்துக்கொள்வோம் என்றார்கள். "அடிபட்டவனத் தூக்கினதுக்கு எப்படி மன்னிப்புக் கேக்குறது?" என்று இவர் உட்கார்ந்தே இருந்தார். விலக்கும் தீர்மானத்தைச் சபையில் வாசித்தவர் டீக்கன் கொர்னீலியஸ் ஃபால்க். என்னைப் பெற்ற அப்பா.

விலக்கப்பட்டவரோடு வேலை செய்யலாம். ஒரே மேசையில் சாப்பிடத்தான் கூடாது. இதை யோசித்துக் கண்டுபிடித்தவர் நன்றாக இருக்கட்டும்.

ஆகவே வழக்கம்போல அப்பா வீட்டு முற்றத்தில் கூடினோம். தண்ணீர் கொதித்துக்கொண்டிருந்தது. அப்பாவின் கோட்டில் நடுப்பொத்தான் இல்லை. செத்துப்போன அம்மாவின் கோணல் ஊக்கு ஒன்றை அந்த இடத்தில் குத்தியிருந்தார்.

"குடுங்கப்பா, ஒரு பொத்தான் தெச்சுத் தரேன்."

"ஊக்கு இருக்குல்ல, போதும்" என்றார் என் முகத்தைப் பார்க்காமல். சரி, குளிரில் விறைக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

முதல் பன்றியின் வாலை யாராவது ஒளித்துவைத்து, அசந்த நேரம் பார்த்து இன்னொருவர் முதுகில் ஊக்கால் குத்திவிடுவது எங்கள் வழக்கம். மாட்டிக்கொண்டவரிடம் யாரும் மூச்சு விடக் கூடாது. போருக்கு முன்னால் வால் எப்போதும் இவர் முதுகில்தான் ஆடும். ஒருமுறை அதோடு மாவு மில்லுக்கே போய் வந்தார். போன வருஷமோ இவர் முதுகுப் பக்கம் யாருமே வரவில்லை. திட்டியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். மரியாதையாக நடத்தினார்கள்.

இந்த வருஷமும் அதே கதைதான். ஊரில் மூன்று ஆபிரகாம் ஹீபர்ட்கள் உண்டு. அதில் மூக்கு ஹீபர்ட் இவரோடு ஒரே பெஞ்சில் படித்தவர். பன்றியின் முதுகுக் கொழுப்பை அளந்து, "நாலு விரல் இருக்கு!" என்று கத்தினார்.

"உன் விரல்ல அளந்தா பூனைக்கும் நாலு விரல் இருக்கும்டா" என்றார் பக்கத்தில் இருந்தவர். எல்லாரும் சிரித்தார்கள். சிரித்த வாயோடு இவர் பக்கம் திரும்பிய ஹீபர்ட், "அந்த வாளிய எடுங்க, இஸ்பிராண்ட்" என்றார். எடுங்களாம்! எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. இவர் வாளியை எடுத்துக் கொடுத்தார்.

மதியம் எல்லாரும் பெரிய மேசையில் உட்கார, இவருக்கு ஜன்னலோரம் ஒரு முக்காலி. நானும் தட்டைத் தூக்கிக்கொண்டு அங்கேயே போனேன். அந்தப் பாவத்தையும் என் கணக்கில் சேர்த்துக்கொள்ளட்டும்.

சாப்பிட்டபின் தொத்திறைச்சி அடைத்தோம். கொப்பரையில் விலாக்கறி கொழுப்பில் வெந்தது. திடீரென்று யாரோ "வால எங்க காணோம்?" என்றார்கள். ஆளாளுக்கு முதுகைத் தடவிப் பார்த்துக்கொண்டார்கள். யார் மேலும் இல்லை. இவர் மட்டும் தடவிப் பார்க்கவில்லை. நமக்கு யார் குத்தப் போகிறார்கள் என்று அப்பாவோடு சேர்ந்து கொப்பரையை இறக்கப் போய்விட்டார்.

பொழுது சாயும்போது எங்கள் பங்குக் கறியை வண்டியில் ஏற்றினோம். இவர் குனிந்து குதிரையைப் பூட்டினார். அப்போதுதான் பார்த்தேன். முதுகின் நடுவில் வால்!

வாயைத் திறக்கப் போய்ச் சுற்றிலும் பார்த்தேன். அத்தனை பேரும் கல்லுத் தூண் மாதிரி நின்றார்கள். மூக்கு ஹீபர்ட் கையுறையைக் கடித்துக்கொண்டிருந்தார். வாசற்படியில் அப்பா. கோட்டு காற்றில் படபடவென்று அடித்தது. ஒரு கையால் அதை இழுத்துப் பிடித்தபடி, எங்களைப் பார்க்காமல் எங்கோ பார்த்துக்கொண்டிருந்தார்.

வண்டி நகர்ந்ததும் பின்னாலிருந்து ஹீபர்ட்டின் குரல் வந்தது: "டேய் இஸ்பிராண்ட்! தெருவுல மெதுவா ஓட்டுடா, எல்லாரும் பாக்கட்டும்!"

முற்றம் முழுக்கச் சிரிப்பு வெடித்தது. இவர் கையைப் பின்னால் கொண்டுபோய்த் தடவினார். தொட்டதும் கை அங்கேயே நின்றுவிட்டது.

"யாரு?"

"அப்பா கோட்டு தொறந்து கெடந்துச்சு" என்றேன்.

கொஞ்ச தூரம் போனதும் இவர் தோள்கள் குலுங்கின. சிரிக்கிறார் என்று நினைத்து முகத்தைப் பார்த்தேன். கன்னமெல்லாம் நனைந்திருந்தது. சபைத் தீர்மானத்தில் மேசையைப் பற்றி எழுதியிருக்கிறது, வாலைப் பற்றி ஒரு வார்த்தை கிடையாது. அப்பாவை விட அது யாருக்குத் தெரியும்?

"கழட்டட்டுமா?"

"கை வெச்சுப் பாரு!"

வீட்டுக்குக் குறுக்கு வழி இருந்தும், தெருவைச் சுற்றிக்கொண்டுதான் ஓட்டினார். குதிரையை அவிழ்க்கும்போது கேட்டார்: "நம்ம வீட்டுல பெரிய பொத்தான் எதாவது இருக்கா?"

"எதுக்கு? வின்னிபெக் பட்டறையில பொத்தான் கேப்பாங்களா?"

"வாய மூடுடி. நாளைக்கே போய் உங்கப்பாவுக்குத் தெச்சுக் குடுத்துட்டு வா, கிழவருக்குக் குளிரும்" என்றார். பிறகு முதுகைத் தொட்டுப் பார்த்துக்கொண்டே, "ஊக்க மட்டும் கேட்டாலும் குடுக்காத" என்றார்.