குழிவெட்டும் தேர்வு

நேரம் முடிந்ததென்று விசில் ஊதியபோது டல்வனீரா முழங்கால் ஆழத்துக்குத்தான் தோண்டியிருந்தாள். பக்கத்தில் ஆண்கள் மார்பளவு குழிகளிலிருந்து கையூன்றி ஏறி வந்தார்கள். அவர்களுக்குக் கிடைத்தது மணல். கல்லறைத் தோட்டத்தின் மேற்கு ஓரத்தில் அவளுக்குக் காட்டிய இடத்திலோ, கடப்பாரை விழும்போதெல்லாம் ணங் என்றது. நகராட்சி மேற்பார்வையாளர் ஜெனிவால்டோ அவள் குழியை எட்டிக்கூடப் பார்க்கவில்லை.

"தேறலம்மா. போய் மூஞ்சியக் கழுவிக்கோ."

"எனக்கு மட்டும் ஏன் சார் பாறை?"

"சாவு மண்ணு பாத்தா வருது?"

"அப்ப எட்மில்சன இங்க எறங்கச் சொல்லுங்க. நான் மணல்ல எறங்குறேன்."

ஆண்கள் சிரித்தார்கள். மேயரின் டிரைவருக்கு மைத்துனனான எட்மில்சன் மட்டும் சிரிக்காமல், கால்சட்டையில் ஒட்டிய மணலைத் தட்டிக்கொண்டிருந்தான்.

எழுத்துத் தேர்வில் முதலாவதாக வந்தவள் அவள்தான். மழை பொய்த்தால் சோறு பொய்க்கும் பெத்ரா ராசா என்ற அந்தச் சிறு ஊரில் நகராட்சி வேலை என்றால் குழிவெட்டும் வேலைக்கும் கூட்டம் அலைமோதும். அவள் மரவள்ளிக் காட்டில் மண்வெட்டி பிடித்து வளர்ந்தவள். மண் அவளுக்குப் புதிதில்லை. அன்று வீட்டுக்குப் போனவள் குளித்துவிட்டு, நேரே பக்கத்து நகரத்துக்குப் பஸ் ஏறினாள். அங்கே ஏழைகளுக்காக வாதாட அரசு சம்பளம் கொடுத்து வைத்திருக்கும் வக்கீல் இயோலாண்டா இருந்தாள். அவள் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு வழக்குப் போட்டாள்.

செய்தி ஊருக்குள் வந்ததும் கவுன்சிலர் ஒருவர் வீடு தேடி வந்து, காப்பியைக் கையில் வாங்கிக்கொண்டார்.

"எதுக்கும்மா கோர்ட்டு, கேசு? பள்ளிக்கூடச் சமையல்கட்டுல நாளைக்கே சேந்துக்க. மேயர் உனக்காகச் சொல்லியிருக்காரு."

மோட்டார் சைக்கிள் டாக்சி ஓட்டும் அவள் கணவன் ஓசேயாஸின் முகம் மலர்ந்தது. "ஒத்துக்க டல்வா. வெயிலுமில்ல, பொணமுமில்ல."

டல்வனீரா அந்த வேலையை யோசித்துப் பார்த்தாள். அதற்கு முன்பு அங்கே சமைத்தவள், தேர்தலில் யாருக்கு ஓட்டுப் போட்டாள் என்ற சந்தேகத்திலேயே துரத்தப்பட்டவள். இந்த ஊரில் வேலை என்பது எப்போதும் யாரோ கொடுப்பது. கொடுத்தவன் கை கழுத்திலேயே இருக்கும்.

"அவரு குடுத்தா அவரே புடுங்கிக்குவாரு," என்றாள். "தேர்வுல ஜெயிச்சு வாங்குன, யாரும் புடுங்க முடியாத வேலை ஒண்ணுதான் எனக்கு வேணும். காப்பி ஆறுது, குடிங்க."

விசாரணையில் நகராட்சி வக்கீல் பெண்ணுடம்பைப் பற்றியும் மனத்தைப் பற்றியும் நிறையப் பேசினார். அழுகிற குடும்பத்தின் முன்னால் ஒரு பெண் கலங்கிவிடுவாள் என்றார்.

"ஐயா, எங்க ஊர்ல பொணத்தக் குளிப்பாட்டி, துணி போட்டு, தாடையக் கட்டுறது பொம்பளைங்கதான்," என்றாள் டல்வனீரா. "அது வரைக்கும் ஆம்பளைங்க வெளிய சிகரெட் பிடிச்சுட்டு நிப்பாங்க. அப்ப கலங்காதவ குழிகிட்ட மட்டும் ஏன் கலங்கப்போறா?"

நீதிபதி நேரில் பார்க்க வருவதாகச் சொன்னார். அவர் வருவதற்குள் நகராட்சி அவளுடைய குழியை மூடி, மேலே மணலைப் பரப்பியிருந்தது. நீதிபதி மெருகேற்றிய கறுப்பு ஷூவோடு மேற்கு ஓரம் வரை நடந்தார். கோட்டைக் கழற்றி இயோலாண்டாவிடம் கொடுத்துவிட்டுக் கடப்பாரையைக் கேட்டார். குழி இருந்த இடத்துக்கு ஓரடி தள்ளிப் போட்டார். ணங். கை அதிர, அவர் முகம் சுளித்தார். பிறகு ஆண்கள் தோண்டிய பக்கம் போய்ப் போட்டார். கடப்பாரை சத்தமில்லாமல் இறங்கியது.

தேர்வு செல்லாது என்று உத்தரவு வந்தது. எல்லோரும் மேற்கு ஓரத்திலேயே, ஒரே மாதிரிக் கருவிகளோடு, மறுபடி தோண்ட வேண்டும்.

"வேலை உனக்குன்னு அவர் சொல்லல," என்று இயோலாண்டா எச்சரித்தாள்.

"அத நானும் கேக்கல வக்கீலம்மா."

மறுதேர்வு அன்று காலை சவாரியை விட்டுவிட்டு ஓசேயாஸ் கல்லறைத் தோட்ட வாசலில் நின்றான். ஊர்ப் பெண்கள் கல்லறைச் சுவர்மேல் குடை பிடித்து வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். பாதி நேரம் போவதற்குள் இரண்டு பேர் கருவியைப் போட்டுவிட்டு நிழலுக்குப் போனார்கள். எட்மில்சன் விடவில்லை. சட்டை முதுகோடு ஒட்ட, அவனும் மல்லுக்கட்டிக்கொண்டுதான் இருந்தான். டல்வனீரா யாரையும் பார்க்கவில்லை. பாறையில் ஒரு கோடு போல ஓடிய விரிசலில் கடப்பாரையின் நுனியைச் செருகி, உடம்பு முழுவதையும் அதன்மேல் சாய்த்தாள். ஏதோ பிளந்தது.

குழிக்குள்ளிருந்து தலையளவு கல்லொன்று எகிறி வந்து ஜெனிவால்டோவின் காலடியில் விழுந்தது. அவர் ஓரடி பின்னால் நகர்ந்தார். அடுத்த கல் வந்தது. இன்னும் ஓரடி நகர்ந்தார்.