படத்தில் இல்லாத அழுகை

மேல்வானில் பகலவன் சாய, மாநகரின் மாடிவரிசைகள் பொன்னொளி போர்த்து நிற்க, அலுவல் முடிந்து வீடு திரும்புவோரின் காலடியோசை ஆற்றொழுக்கெனத் தெருக்களை நிறைத்த மாலைப்பொழுதில், நாற்சந்தியை அடுத்த கட்டடமொன்றின் மேல்மாடியில், சாளரங்களைக் கருந்துணியால் மூடிய சிற்றறையில், இருவர் ஒளித்திரையை நோக்கி அமர்ந்திருந்தனர். ஒருவர் படத்தொகுப்பாளர். மற்றவர், நயம் தேரும் அன்பரே, அப்படத்தை எழுதி, இயக்கி, அதில் தாயாகவும் நடித்த பெண்மணி.

இளமையில் நடிக்க வந்த அவருக்கு வாய்த்தவையெல்லாம் கதவருகே நின்று கண்கசக்கும் தங்கை வேடங்களும், முப்பது அகவை நிறையுமுன்னரே தலைநரைத்த தாய் வேடங்களுமே. தமக்கென ஒரு நல்ல சொல்லை எவரும் எழுதித் தாராமையால் தாமே எழுதினார். எழுதியதை இயக்க எவரும் முன்வாராமையால், கையைப் பிசைந்து நில்லாது, தாமே இயக்கத் துணிந்தார். முதற்படம் வந்த சுவடு தெரியாமற் போயிற்று. அடுத்த படத்தைக் கண்டவர்களோ அவரைத் தேடிவந்து பாராட்டினர். இது மூன்றாவது.

தாய்சொல்லை மீறி, வேலை தேடித் தொலைவூர் செல்லும் மகளின் கதை அது. மகள் வாயிலைக் கடந்தபின், அவள் போர்த்துறங்கிய போர்வையை மடிக்கத் தொடங்கிய தாய், மடிக்கவியலாமல் அதிலேயே முகம் புதைத்து, கார்முகில் கட்டவிழ்ந்தாற்போல் அழும் காட்சியை எடுத்த நாளில், விளக்குப் பிடித்தவர் முதல் ஒப்பனையாளர் வரை அனைவரும் கண்துடைத்தனர். உடனிருந்து கண்ட அவர்தம் தமக்கையோ உற்றார் வீடெங்கும் அதையே சொல்லித் திரிந்தார்.

ஆயினும் படத்தை முதலிலிருந்து ஓட்டிக் கண்டபோது இயக்குநரின் உள்ளம் உறுத்தியது. அடுத்த காட்சியில் மகள் பேருந்தில் தனித்திருக்கிறாள். காண்போர் நெஞ்சமோ தாயின் அழுகையிலேயே தங்கிவிடுகிறது. அக்காட்சியை நீக்கிவிடச் சொன்னார்.

படத்தொகுப்பாளர் திகைத்தார். “அக்கா, நீங்க இப்படி நடிச்சு நான் பார்த்ததே இல்ல. இதுல கைவச்சா என் கை விளங்காது.”

“நல்லாத்தான் நடிச்சிருக்கா. ஆனா பொண்ணு பஸ் ஏறிட்டா, நாம இன்னும் இவகூட வீட்லயே உக்காந்திருக்கோமே. எடுத்துடு. நடிச்சவகிட்ட நான் பேசிக்கிறேன்.”

சிரித்தபடியே சொன்னார், ஆனால் நடித்தவளோடு பேசுவது எளிதாயில்லை. நெடுங்காலம் காத்திருந்து பெற்றதைத் தம் வாயாலேயே வேண்டாமென்ற துயர் வீடு திரும்பும் வழிநெடுக அவரைப் பின்தொடர்ந்தது. திரும்பிச்சென்று சேர்க்கச் சொல்லலாமா என இடைவழியில் நின்றார், பின்னர் நடந்தார்.

படம் வெளிவந்த நாளில் தமக்கை அவரருகே அமர்ந்திருந்தார். திரையில் மகள், கைப்பையை மடியில் இறுகப் பற்றி, கடந்துசெல்லும் தன் தெருவைத் திரும்பிப் பாராதிருக்க முயன்றபோது அரங்கில் பலர் கண்துடைத்தனர். தமக்கை தங்கையின் கையைப் பற்றித் தேம்பினார். படம் முடிந்து படியிறங்குகையில்தான் அவருக்கு நினைவு வந்தது.

“ஆமா, போர்வைய வச்சுக்கிட்டு அழுவியே, அது எங்கடி?”

“இப்பத்தான் ஞாபகம் வந்துச்சா? அப்ப சரிதான்க்கா.”

அவ்வழுகையை இனி எவரும் காணப்போவதில்லை; அதற்குரிய புகழும் அவரை வந்தடையப்போவதில்லை. அரங்கைவிட்டு வெளியேறிய மாந்தரெல்லாம் அம்மகளைத் தம் வீட்டுப் பெண்ணெனப் பேசிச் சென்றது அவர் செவியில் விழுந்தது. எழுதியவருக்கும் இயக்கியவருக்கும் அது நிறைவளித்தது. நடித்தவருக்கு மட்டும் நெஞ்சின் ஓரத்தில் சிறிது நொந்தது. அந்நோவையும் உடன்கொண்டே, தமக்கையின் தோள்பற்றி, அவர் தெருவில் இறங்கி நடந்தார்.