பாரவாங்கியின் கைப்பிடி

...வலி தோளிலிருந்து முழங்கைக்கு இறங்கிவிட்டது, இனி மணிக்கட்டு, அதற்கப்புறம் விரல் மரத்துப்போகும், அதற்குள் கீழே இருக்கிற ஆள் அந்த ஒரு வார்த்தையைச் சொல்லித் தொலைக்க வேண்டும். பாரவாங்கியின் கைப்பிடியை இடதுபக்கம் இழுத்துப் பிடித்திருக்கும்வரை கல்லுக்குப் பாரம் கிடையாது, எருமை அளவு கருங்கல், அரசலாற்று முகத்துவாரத்தில் அலைக்குக் குறுக்கே போடுகிற கல், உள்ளங்கையால் தள்ளினால் தெப்பம் மாதிரி நகரும், கையை விட்டேனோ போன பாரம் மொத்தமும் ஒரே நொடியில் திரும்பி வந்து உட்காரும். பிரெஞ்சுக்காரன் காலத்து எந்திரம், மேலே பித்தளைத் தகட்டில் என்னவோ எழுதியிருக்கிறது, இங்கே யாருக்கும் வாசிக்கத் தெரியாது, ஆனால் வழக்கம் எல்லாருக்கும் தெரியும். மேலே கூண்டில் கைப்பிடியோடு இருக்கிறவள் ‘பாரம்’ என்று கத்த வேண்டும், கல்லுக்கடியில் கட்டை சொருகுகிறவன் வெளியே வந்து ‘விலகியாச்சு’ என்று சொல்ல வேண்டும், சொன்ன பிறகுதான் கை விடுவது. நான் கத்திவிட்டேன். கீழே நீலமேகம் மேஸ்திரி. பதில் இல்லை.

எழுபத்தொன்பது ஐப்பசியில் இந்தக் கூண்டில் உட்கார்ந்திருந்தது அவர், கல்லுக்கடியில் என் புருஷன் யாகப்பன். சவப்பெட்டியை மூடியபடியேதான் கோயிலுக்குக் கொண்டுபோனோம், சாமியார்கூடத் திறக்கச் சொல்லவில்லை. விசாரணையில் மேஸ்திரி கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றார், ‘விலகியாச்சுன்னு கேட்டுது சார், கேட்டப்புறந்தான் விட்டேன்.’ அவ்வளவுதான், எழுதி மூடிவிட்டார்கள். எனக்கு வாரிசு வேலை, முதலில் கூட்டிப்பெருக்க, அப்புறம் இதே கைப்பிடி. போன தை மாசம் மேஸ்திரிக்குக் கை நடுக்கம் என்று டாக்டர் எழுதிக் கொடுக்க, கூண்டிலிருந்து இறக்கிக் கட்டை சொருக அனுப்பினார்கள். அன்றைக்கு மாதாவுக்கு மெழுகுவர்த்தி ஏற்றினேன், நன்றிக்கு இல்லை, காத்திருக்கத் தெம்பு வேண்டும் என்று.

காலையில்கூடக் கேலி, ‘என்ன தங்கச்சி, மேல தூங்கிட்டியா, கல்லு காத்துக் காத்துக் கால் வலிக்குதுங்குது.’ தங்கச்சியாம். எந்திரத்தின் உருளை ஓடும்போது என் வயிற்றுக்கும் பாரம் போய்விடுகிறது, மத்தியானமாகியும் பசி தெரியவில்லை, மனசில் இருக்கிறது மட்டும் போக மாட்டேன் என்கிறது. என்ன கஷ்டம் இதில், விரலைப் பிரித்தால் போதும். அப்புறம் சொல்ல வேண்டியதும் தயார், அவர் சொன்னதேதான், கேட்டுது சார், கேட்டப்புறந்தான் விட்டேன். அடுப்பு ஊதும்போதெல்லாம் சொல்லிப் பார்த்திருக்கிறேன், என் மகள் ஜெயமேரி கேட்டாள், ‘என்னம்மா தனியா பேசற?’ ‘ஜெபம் பண்றேன், போடி.’

‘விலகியாச்சு.’

மேஸ்திரி குரல்தான். கூண்டுத் தரைச் சந்து வழியாகக் குனிந்து பார்க்கிறேன், வெடித்த குதிகால் ஒன்று இன்னும் கல்லுக்கடியில் கிடக்கிறது, முழங்கால் கிடக்கிறது, ஆள் வரவே இல்லை, வார்த்தை மட்டும் வந்துவிட்டது. இனி நான் பொய்கூடச் சொல்ல வேண்டியதில்லை, கரையில் நிற்கிற நாலு பேரும் கேட்டாயிற்று. விடு லூர்து. விரல் தானாகவே தளர்கிறது... ஏன் சொன்னார், உள்ளே கிடந்துகொண்டு ஏன் சொன்னார்?

‘மேஸ்திரி, கால் உள்ளதானே கெடக்கு, யாரைக் கேட்டு விலகியாச்சுங்கறீங்க?’

‘இதோ வந்துட்டேன்ல, நீ விடறதுக்குள்ள வந்துருவேன். எத்தன நேரம் இழுத்துப் புடிச்சிருப்ப, கை நோவாதா? கீழ எப்பவும் முன்கூட்டியே சொல்லிடறதுதான். நான் மேல இருந்தப்பவும் பயலுவ அப்படித்தான்...’

 

பயலுவ. யாகப்பனும் அதில் ஒருவன். அந்த வருஷம் சித்திரையிலேயே, மேஸ்திரி வீட்டுக்கு வந்திருந்தபோது சொன்னானே, ‘மேஸ்திரிக்கு டீ அரை கிளாஸ் ஊத்து லூர்து, முழுசா ஊத்துனா சட்டைதான் குடிக்கும்’, சொல்லிச் சிரித்தானே, நானும் சிரித்தேன், அரைதான் ஊற்றினேன். அப்போதே நடுங்கியிருக்கிறது. பிடிக்க முடியாத கைக்காக அவன் உள்ளே கிடந்தபடி குரல் கொடுத்திருக்கிறான், அப்படியானால் மேஸ்திரி கேட்டது நிஜம், இரண்டு வருஷமாக நான் அடுப்படியில் ஒத்திகை பார்த்தது பொய்யே இல்லை... பொய் இல்லாவிட்டால் என்ன, நிஜத்தைச் சொன்னவன் கையை ஏன் பின்னால் கட்டினான், நடுங்குகிற கையோடு எதற்கு இந்தக் கூண்டுக்கு ஏறினான், சம்பளத்துக்குத்தானே, மேஸ்திரி என்கிற பேருக்குத்தானே. யாகப்பன் ஏன் யாரிடமும் சொல்லவில்லை? விசாரணையில் என் வாய் என்ன செய்துகொண்டிருந்தது?

‘வெளிய வாங்க. நான் பாக்குறமாதிரி நில்லுங்க.’

வந்தார், ஊர்ந்து, மணலைத் தட்டிக்கொண்டு, சந்துக்கு நேரே நின்றார். வலது கை வேட்டி மடிப்பில் துடிக்கிறது. கைப்பிடியை விட்டேன், கல் உட்கார்ந்தது, கூண்டு ஆடியது, என் வயிற்றில் பசி திரும்பி வந்து விழுந்தது. அவர் நகரவில்லை, நிமிர்ந்து என் முகத்தையே பார்த்தார், நான் என்ன நினைத்துப் பிடித்திருந்தேன் என்று தெரிந்துவிட்டது அவருக்கு, தெரியட்டும்.

‘அடுத்தத ஏத்தச் சொல்லட்டா?’

‘சொல்லுங்க.’

மன்னித்துவிட்டேன் என்று நினைத்துக்கொண்டு போகிறாரோ என்னவோ. இல்லை. யாரிடம் கணக்குக் கேட்பது என்பதுதான் இன்றைக்குக் கலங்கிப்போயிற்று, அவரிடமா, எல்லாம் தெரிந்து கரையில் நிற்கிற அந்த நாலு பேரிடமா, என்னிடமேவா... யாகப்பனின் உயிர், அது இன்னும் பாக்கி.