நான்காம் துண்டு

1

முதலிலேயே ஒப்புக்கொள்கிறேன். இந்தக் கதைக்காக நான் எங்கேயும் அலையவில்லை, யாரிடமும் தகவல் கேட்கவில்லை. இது என் தொண்டையிலிருந்து கிளம்பியது. நான் பேசினேன், ஒருவன் மரத்திலிருந்து விழுந்தான். இடையில் நடந்ததைத்தான் எழுதப் பார்க்கிறேன்.

எழுதிக் கைவிட்ட தொடக்கங்கள்:

"மாசி வெயிலில் புளியம்பழம் வெடித்துக் காய்கிற வாசனை அந்த ஊருக்கு

(நிறுத்திவிட்டேன். வாசனையாம். ஒருத்தன் இடுப்புக்குக் கீழே உணர்வில்லாமல் கிடக்கிறான், எனக்கு வாசனை கேட்கிறது.)

"புளி வியாபாரி சர்தார் ரொம்ப நல்லவர்

(அப்போ நல்லவராக இல்லாவிட்டால் பரவாயில்லையா என்று கேட்பீர்கள். கேட்க வேண்டியதுதான். கோடு போட்டு அடித்துவிட்டேன்.)

"அந்தக் குரல் என்னுடையது."

இது இருக்கட்டும்.

[பொம்மிடிப் பக்கம் என்பதற்கு மேல் ஊரின் பெயரை எழுதப்போவதில்லை. ஊரின் மானத்துக்காக என்று முதலில் எனக்கே சொல்லிக்கொண்டேன். அதெல்லாம் இல்லை. ஊர் தெரிந்தால் என்னையும் கண்டுபிடித்துவிடுவீர்கள்.]

2

நான் ரேஷன் கடையில் விற்பனையாளன். பகலெல்லாம் அரிசி, பருப்பு, பாமாயில். மிச்ச நேரத்தில் கதை. பொம்மிடியில் எங்களுக்கு ஒரு வாசகர் வட்டம் உண்டு. பதினான்கு பேர். செல்போன் கடை வைத்திருக்கும் அறிவழகன்தான் அதை நடத்துகிறவன். நர்ஸ் இருக்கிறாள், தையல்காரர் இருக்கிறார், லாரி ஓட்டுகிறவர் இருக்கிறார். உட்கார்ந்து படிக்க ஒருவருக்கும் நேரமில்லை. அதனால் ஒரு வழக்கம் வைத்துக்கொண்டோம்: கதை எழுதியவரே அதை வாசித்து, குரல் பதிவாக வாட்ஸ்அப் குழுவில் போட வேண்டும். வேலையைப் பார்த்துக்கொண்டே கேட்பார்கள்.

நீளமாகப் போட்டால் பாதியில் விட்டுவிடுகிறார்கள். எனவே மூன்று, நான்கு நிமிடமாக வெட்டிப் போடுவோம். அதற்குத் துண்டு என்று பெயர். "அண்ணா, ரெண்டாம் துண்டுல அழுதுட்டேன்" என்று நர்ஸ் தேவிப்பிரியா எழுதுவாள். எங்கள் இலக்கிய விமர்சனம் அவ்வளவுதான்.

நான் நன்றாக வாசிப்பேன். பாத்திரத்துக்கு ஏற்றபடி குரலை மாற்றுவேன். அதில் எனக்குக் கொஞ்சம் திமிரும் உண்டு.

3

போன தை மாதம் ஏழு துண்டில் ஒரு கதை போட்டேன். ஒரு விவசாயி, ஊர்க்கூட்டத்தில் எழுந்து, முஸ்லிம் வியாபாரிகளுக்கு இனி யாரும் புளியமரம் குத்தகைக்கு விடக்கூடாது என்று பேசுகிறான். கடைசியில் உலுக்க ஆளில்லாமல் அவன் மரத்துப் புளி மரத்திலேயே உளுத்துப்போகிறது. ஏழாம் துண்டில் அவன் தலைகுனிவான். அந்த ஏழாம் துண்டை இன்றுவரை யாரும் யாருக்கும் அனுப்பவில்லை.

வெறுப்பைப் பேசுகிறவனை அட்டைப் பொம்மையாக எழுதக்கூடாது என்பது என் கொள்கை. அவன் பேச்சைக் கேட்டால் ஒரு நொடி "அதானே" என்று தோன்ற வேண்டும். தோன்றினால்தான் கேட்கிறவனுக்குத் தன்மேலேயே பயம் வரும். நல்ல கொள்கை. ஊர் முழுக்க "அதானே" என்று தோன்றியது. பயம்தான் வரவில்லை.

அவனுக்கு ஒரு குரல் வேண்டியிருந்தது. கோவிந்தன் குரலை எடுத்துக்கொண்டேன். கோவிந்தன் எங்கள் ஊர் விவசாயி, என் கடைக்கு மாதாமாதம் வருகிறவர். "அட இருப்பா, நா சொல்றத கேளு" என்று ஆரம்பித்து, நடுவில் இரண்டு முறை இருமி, கடைசி வார்த்தையை மெதுவாகச் சொல்வார். கதையில் வருகிற வியாபாரிக்கு, எங்கள் ஊருக்குப் புளி எடுக்க வரும் சர்தாரை எடுத்துக்கொண்டேன். அந்தப் பழைய மொபெட், பின்னால் மடித்துக் கட்டிய சாக்கு, மரத்தடியில் நின்று அண்ணாந்து பார்த்தே காய்ப்பைச் சொல்லிவிடுகிற கண். நிஜத்தில் கோவிந்தனும் சர்தாரும் இருபது வருடப் பழக்கம். பூவெடுக்கும்போதே மரம் பேசி முடித்துவிடுவார்கள். காகிதம் கிடையாது, வாய்ச்சொல்தான்.

நான்காம் துண்டில் அந்தப் பேச்சு மட்டும்தான் இருந்தது. "என்று அவன் சொன்னான்" என்பது மூன்றாம் துண்டின் கடைசியில் இருந்தது. நான்கு நிமிடத்துக்குள் அடங்க வேண்டுமே என்று நானே அங்கே வெட்டினேன்.

[இந்த இடத்தில் அந்தப் பேச்சு ஒன்றரைப் பக்கத்துக்கு இருந்தது. எடுத்துவிட்டேன். "அது இல்லாமல் கதையே இல்லையே, வாசகர் எதை வைத்து முடிவு செய்வார்?" என்று கேட்பீர்கள். போன வருடம் நானும் இதையேதான் கேட்டிருப்பேன். ஓர் எழுத்தாளர்மேல் வழக்குப் போட்டபோது பஸ் பிடித்து தருமபுரிக்குப் போய்க் கண்டன அட்டையைத் தூக்கிக்கொண்டு நின்றவன் நான். இன்றைக்குக் கூப்பிட்டாலும் போய் நிற்பேன். ஆனால் பேசுகிறவனின் சுதந்திரத்தைப் பற்றி நான் எழுதிய கட்டுரைகளில், கேட்கிறவன் எழுந்து போய்விடலாம் என்று ஒரு வரி எப்போதும் இருக்கும். எழுந்து போக முடியாத இடத்தில் இருக்கிறவனைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. நேற்று எடுத்துப் பார்த்தேன். இல்லை.]

4

அறிவழகன் நான்காம் துண்டைத் தன் சொந்தக்காரர்களுக்கு அனுப்பினான். கெட்ட எண்ணம் எதுவும் இல்லை. பெருமைதான். "நம்ம அண்ணன் எப்டி நடிக்கிறார்னு கேளுங்க" என்று கீழே எழுதியும் இருந்தான். ஆனால் வாட்ஸ்அப்பில் எழுத்து ஒரு தகவல், குரல் இன்னொரு தகவல். அங்கிருந்து குரல் மட்டும் போயிற்று.

நான்காம் நாள் அது பென்னாகரத்தில் இருந்தது. ஐந்தாம் நாள் எங்கள் ஊருக்கே திரும்பி வந்தது. வரும்போது அதற்கு ஒரு பெயர் இருந்தது: கோவிந்தன் பேசியது.

முதல் வாரம் அவர் மறுத்தார். "நா பேசலைங்க. என் கொரல் மாதிரி இருக்குது, ஆனா நா பேசல" என்று டீக்கடையில் ஒவ்வொருவரிடமாகச் சொன்னார். இரண்டாம் வாரம் பக்கத்து ஊர் இளைஞர்கள் நாலைந்து பேர் அவர் வூட்டுக்கே வந்து சால்வை போர்த்திவிட்டுப் போனார்கள். வாழ்நாளில் அவருக்கு யாரும் சால்வை போர்த்தியதில்லை.

மாத முடிவில் சர்க்கரை வாங்கக் கடைக்கு வந்தார். நான் கேட்டேன். எப்படிக் கேட்டேன் தெரியுமா? "ஏனுங்க, அது நீங்கதானா?" என்று கேட்டேன். நான். என் வாயால்.

அவர் பையை மடித்துக்கொண்டே இருந்தார். "எல்லாரும் நாந்தான்னு சொல்றாங்க. சொல்லிட்டுப் போவட்டும். பேசுனதுல என்னங்க தப்பு இருக்குது?" என்றார். அடுத்து அவர் சொன்ன வாக்கியம் என் நான்காம் துண்டில் உள்ள வாக்கியம். ஒரு வார்த்தை பிசகவில்லை. இருமல்கூட அதே இடத்தில் வந்தது.

[இந்தப் பாத்திரத்தின்மேல் எனக்குச் சந்தேகம் உண்டு. ஒரு மனிதர் ஒரு மாதத்தில் இப்படி மாறுவாரா? இல்லை, முன்பே உள்ளே இருந்ததா? கதையாக இருந்தால் நானே முடிவு செய்திருப்பேன்.]

சர்தார் கோவிந்தன் வூட்டு வாசலில் போய் நின்றார். "கோவிந்தண்ணா, பூவுல பேசுன மரங்க" என்றார். உள்ளே டிவி ஓடிக்கொண்டிருந்தது. யாரும் வெளியே வரவில்லை. ஊரில் மற்றவர்களும் இந்த வருடம் நாங்களே உலுக்கிக்கொள்கிறோம் என்று சொல்லிவிட்டார்கள். ஏரிக்கரையில் மூன்று மரம் வைத்திருக்கும் தீர்த்தம்மாள் மட்டும் சொன்ன சொல் மாறவில்லை.

5

அந்த மூன்று மரத்தில் ஒன்றில்தான் சர்தாரின் மகன் தாரிக் ஏறியிருந்தான். இருபத்திரண்டு வயது. காலை பத்து மணி இருக்கும். ஏழெட்டுப் பேர் வந்து, அவன் இறங்க வழியில்லாமல் மரத்தைச் சுற்றி உட்கார்ந்தார்கள். கையில் ஒரு ஸ்பீக்கர். நான்காம் துண்டைப் போட்டார்கள். முடிந்ததும் மறுபடி போட்டார்கள்.

மதியம் இரண்டு மணி வரை. நான்கு நிமிடப் பதிவு. எத்தனை தடவை என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள், எனக்குத் தெம்பில்லை.

தீர்த்தம்மாள் கத்தியிருக்கிறார். "நாங்க என்ன ஆத்தா பண்ணோம்? அவன தொட்டோமா? ஆடியோதான் போடுறோம்" என்றிருக்கிறார்கள். பிறகு ஸ்டேஷனிலும் அதையேதான் சொன்னார்கள். உண்மைதான். யாரும் தொடவில்லை.

அவன் விழுந்தான்.

விழுந்ததை மூன்று விதமாக எழுதி வைத்திருக்கிறேன். ஒன்றில், தண்ணீர் தாகத்தில் தலைசுற்றி விழுகிறான். இன்னொன்றில், கீழேயிருந்து ஒரு கல் போகிறது. மூன்றாவதில், அவனே கையை விட்டுவிடு

(இதை முடிக்க மாட்டேன்.)

எதை வேண்டுமானாலும் எடுத்துக்கொள்ளுங்கள். மூன்றிலும் அடியில் ஓடிக்கொண்டிருப்பது என் குரல்.

6

அன்று சாயங்காலமே வட்டத்தில் எல்லோரும் ஏழு துண்டுகளையும் அழித்தார்கள். மறுநாள் அறிவழகன் கடையில் கூடினோம். அவன் அழுதான். பிறகு பேசினான். "அண்ணா, நீங்க போயி ஒத்துக்கிட்டீங்கன்னா நாளைக்கு எந்த எழுத்தாளனும் ஒரு வில்லனைக்கூட எழுத முடியாது. இது உங்க பிரச்சினை மட்டும் இல்லண்ணா. கருத்துச் சுதந்திரம்."

எவ்வளவு இதமாக இருந்தது தெரியுமா அந்தச் சொல்! போர்த்திக்கொண்டேன். உள்ளே நடுங்கியது வேறு விஷயத்துக்கு. வழக்கு வந்தால் சஸ்பெண்ட் செய்துவிடுவார்கள். ஓய்வுக்கு ஆறு வருடம் இருக்கிறது.

பத்து நாள் கழித்து அமீனா வந்தார், சர்தாரின் மனைவி. என்னைப் பார்க்க அல்ல, என் மனைவி நிர்மலாவைப் பார்க்க. வருடத்துக்கு வேண்டிய புளியை நிர்மலா அவர் வூட்டில்தான் வாங்குவாள். இருவரும் உட்கார்ந்து கொட்டை எடுப்பார்கள், நாள் முழுக்கப் பேசுவார்கள்.

அமீனா செல்போனை எடுத்து நான்காம் துண்டின் கடைசிப் பத்து நொடியைப் போட்டார். பேச்சு முடிகிறது. சின்ன இடைவெளி. பிறகு தூரத்தில், அடுப்படியிலிருந்து ஒரு பெண் குரல்: "ஏங்க, சோறு ஆறுது. வாங்க."

அதை நான் கவனித்ததே இல்லை.

"இது நீங்கதானக்கா?" என்றார் அமீனா.

"ஆமா" என்றாள் நிர்மலா. அவ்வளவு சட்டென்று சொல்லிவிட்டாள்.

அமீனா என் பக்கம் திரும்பினார். "போலீசுக்குப் போவலைங்க. நீங்க தருமபுரி ஆஸ்பத்திரிக்கு வந்து எம்புள்ளகிட்ட ஒரு வாட்டி சொல்லுங்க, போதும். அவன் கோவிந்தன் பெரியப்பாதான் பேசுனாருன்னு நெனச்சிக்கிட்டுப் படுத்திருக்கான். அவனுக்கு மரம் ஏறக் கத்துக்குடுத்ததே அவருதாங்க. கால் போனதுக்குக்கூட அழல. பெரியப்பா எப்டிம்மா அப்டிப் பேசுனாருன்னு அழுவுறான்."

"செவ்வாய்க்கிழமை வரேங்க" என்றேன்.

நான்கு செவ்வாய்க்கிழமைகள் போய்விட்டன. நான்கிலும் உட்கார்ந்து இதை எழுதினேன்.

7

ஆறாம் பகுதி வரை நிர்மலாவிடம் படிக்கக் கொடுத்தேன். ஒப்புக்கொண்டுவிட்டேன் பார் என்று காட்டத்தான். பொறுமையாகப் படித்தாள்.

"எல்லாரு பேரும் இருக்குது" என்றாள். "அமீனா இருக்கா, தாரிக் இருக்கான், எம்பேரு இருக்குது. உங்க பேரு எங்க?"

"அதான் 'நான்'னு எழுதியிருக்கேனே."

"கதையில நான்னு வந்தா அது யாரு வேணா இருக்கலாம்னு நீங்கதான சொல்வீங்க. மைக் புடிச்சிச் சொன்னீங்களே, வட்டத்துல."

எனக்குக் கோபம் வந்தது. "இப்போ போய்ச் சொல்லி என்ன ஆகப்போகுது? கோவிந்தன்தான் நெஜமாவே அப்டி ஆயிட்டாரே" என்றேன்.

"அவரு ஆனத அவரு பாத்துக்கட்டும். ஆவறதுக்கு முன்னாடி பேசுனது யாருன்னுதான் அந்தப் புள்ள கேக்குறான்."

எங்களுக்குக் கல்யாணமாகி இருபத்தாறு வருடம். என் பெயரை அவள் வாயால் சொல்லி நான் கேட்டதில்லை. பேங்கில் கேட்டால்கூட ரேஷன் கார்டை நீட்டிக் காட்டுவாள். அவள் அம்மா சொன்னதில்லை, அக்கா தங்கைகள் சொன்னதில்லை. நான் பலமுறை கிண்டல் செய்திருக்கிறேன், இந்தக் காலத்தில் இப்படியா என்று. சிரித்துவிட்டுப் போய்விடுவாள்.

இன்று செவ்வாய்க்கிழமை. காலையில் தருமபுரி பஸ் ஏறினாள். மதியம் மூன்று மணிக்குத் திரும்பி வந்து செருப்பைக் கழற்றினாள்.

"சொல்லிட்டேன்" என்றாள்.

"எதை?"

"பேர."

"தாரிக் என்ன சொன்னான்?"

"இன்னொரு வாட்டி சொல்லச் சொன்னான். சொன்னேன். அப்புறம் அவங்கம்மாகிட்ட, பெரியப்பாவுக்கு ஃபோன் போட்டுக் குடும்மான்னான்."

"பேசினாரா?"

"எடுக்கல. மூணு வாட்டி அடிச்சாங்க. எடுக்கல."

கோவிந்தனிடம் போய்ச் சொல்ல வேண்டியது இனி என் வேலை. அந்தப் பேச்சு உங்களுடையது இல்லை, என்னுடையது, திருப்பிக் கொடுத்துவிடுங்கள் என்று. அவர் கொடுப்பாரா, அந்தச் சால்வையைக் கழற்றுவாரா, ஸ்டேஷனில் என்னை உட்கார வைப்பார்களா, எதுவும் எனக்குத் தெரியாது. தெரியாத முடிவை எழுதமாட்டேன். போதும், ஒரு தடவை எழுதியது.

கீழே ஒரு வாக்கியம் இருக்கிறது. அச்சுக்கு அனுப்புவதற்கு முன்னால் நிரப்பிவிடுவேன் என்று நிர்மலாவிடம் சொன்னேன். அவள் அடுப்படிக்குப் போய்விட்டாள். நிரப்பினேனா என்று நீங்கள் பார்த்துக்கொள்ளுங்கள். நிரப்பவில்லை என்றால் நீங்களாவது கோவிந்தனிடம் போய்ச் சொல்லுங்கள். பெயர் இப்போது தாரிக்குக்குத் தெரியும்.

சோறு போட்டு வைத்துவிட்டாள். ஆறிக்கொண்டிருக்கிறது. அவள் கூப்பிடவில்லை.

அந்தக் குரல் கோவிந்தனுடையது அல்ல. அந்தக் குரலுக்கு உரியவன் பெயர் ..............................