லாஹிஜியின் இரவல் குரல்

தெஹ்ரானில் கியூமர்ஸ் லாஹிஜி என்ற சினிமா நடிகருக்கு மூன்றாவது படத்திலேயே குரலை மாற்றிவிட்டார்கள். முகம் கதாநாயகன் முகம்தான். குரல் மெலிசு, போதாக்குறைக்கு வடக்குக் கடற்கரைப் பேச்சு. அதனால் அதை ஸ்டூடியோவே வாங்கி வைத்துக்கொண்டு, தவக்கோலி என்ற டப்பிங் கலைஞரின் கனத்த குரலை அவருக்குக் கொடுத்தார்கள். அன்றிலிருந்து வீட்டிலும் அப்படித்தான். லாஹிஜி உதட்டை அசைப்பார், முதுகுக்குப் பின்னால் நின்று தவக்கோலி பேசுவார். இருபது வருஷமாக இதே கூத்து.

இதில் கொடுமை என்னவென்றால், தவக்கோலி சொந்தச் சரக்கையும் சேர்ப்பார். லாஹிஜி உப்பு கேட்டால், "உப்பு கொண்டா, இல்லேன்னா இந்தத் தெருவே பத்தி எரியும்!" என்று வெளியே வரும். யாருக்குத்தான் கோபம் வராது?

மகள் ஃபரங்கீஸுக்குக் கல்யாணம் நிச்சயமானது. அந்த ஊர் வழக்கப்படி, திருமணப் பதிவாளர் மணப்பெண்ணிடம் மூன்று முறை சம்மதம் கேட்பார். இரண்டு முறை அவள் வாய் திறக்கமாட்டாள். மூன்றாவது முறை, "அப்பாவின் அனுமதியோடு, சம்மதம்" என்பாள். அந்த அனுமதியைச் சொந்தக் குரலில் கொடுக்க வேண்டும் என்று லாஹிஜி துடித்தார். தொட்டிலில் கிடந்த நாட்களுக்குப் பிறகு மகள் அந்தக் குரலைக் கேட்டதே இல்லை.

ஸ்டூடியோவுக்குத் தனியாகப் போய், 'என் குரல் வேண்டும்' என்று காகிதத்தில் எழுதி நீட்டினார். இதையும் தவக்கோலி வாயால் கேட்க மானம் இடம் கொடுக்கவில்லை. மேலாளர் பதிவேட்டைப் புரட்டினார்.

"உங்க குரலை ஒரு கழுதைக்குக் கொடுத்திருக்கோம், ஐயா. காமெடிப் படங்கள்ல நடிக்குது. உங்களைவிட அதுக்குத்தான் ரசிகர் கடிதம் அதிகம்."

லாஹிஜிக்கு உச்சந்தலை கொதித்தது. மனுஷனுக்குப் பொருந்தாத குரல் கழுதைக்குப் பொருந்துமாம்! 'ஒரே ஒரு நாள்' என்று காகிதம் கிழியும்படி எழுதினார்.

"குரலை மட்டும் தனியா அனுப்ப முடியாது. படப்பிடிப்பு மதியத்துக்குள்ள முடிஞ்சா, கழுதையோட அனுப்பறோம்."

கல்யாணத்தன்று மதியம் கடந்தது. கழுதை வரவில்லை. பதிவாளர் முதல் முறை கேட்டார். "பொண்ணு பூப்பறிக்கப் போயிருக்கா" என்றார்கள் பெண்கள், வழக்கப்படி. இரண்டாவது முறைக்கு, "பன்னீர் கொண்டுவரப் போயிருக்கா." மூன்றாவது முறை ஃபரங்கீஸ் அப்பாவைப் பார்த்தாள். வேறு வழியில்லாமல் லாஹிஜி, 'தந்தேன் மகளே' என்று உதட்டை அசைத்தார்.

பின்னால் தவக்கோலி கனைத்துக்கொண்டார். இருபதாவது படத்தின் உச்சக்கட்ட வசனம் அவருக்கு மனப்பாடம்.

"என் பிணத்தைத் தாண்டித்தான் இந்தக் கல்யாணம் நடக்கும்!"

பதிவாளர் பேனாவை மூடினார். "அப்பா மறுத்துட்டார்."

பாவி, படுபாவி! லாஹிஜி கையை ஆட்டினார், மார்பில் அடித்துக்கொண்டார். "தத்ரூபமா நடிக்கிறார்" என்று மாப்பிள்ளை வீட்டார் கைதட்டினார்கள்.

அப்போது வாசலில் குளம்புச் சத்தம் கேட்டது. ஒப்பனையைக்கூடக் கலைக்காமல் வந்திருந்த கழுதை, செருப்புகளைத் தாண்டி உள்ளே வந்தது.

"தந்தேன் மகளே. நல்லா இரு" என்றது, மெலிந்த கடற்கரைக் குரலில்.

தாலாட்டிய குரல். ஃபரங்கீஸுக்குக் கண் நிறைந்துவிட்டது. "அப்பாவின் அனுமதியோடு, சம்மதம்" என்றாள். பிறகு எழுந்து, லாஹிஜியைச் சுற்றிக்கொண்டு போய், கழுதையின் முன்னங்காலை முத்தமிட்டாள்.

பதிவாளர் பேனாவைத் திறந்து, தந்தை கையெழுத்திட வேண்டிய இடத்தைக் கழுதைக்குக் காட்டினார். லாஹிஜி கம்பளத்தில் கொஞ்சம் நகர்ந்து இடம் விட்டு, கழுதையைப் பார்த்து உதட்டை அசைத்தார்.

"உட்காருங்க" என்றார் தவக்கோலி, ஒரு சொல்கூடச் சேர்க்காமல்.