முன்தேதிக் கையெழுத்து

கேசவமூர்த்தி ஓய்வுபெற இன்னும் நாலரை மணி நேரம் இருந்தது. மாதக் கடைசி நாள், மதியம் ஒரு மணி, மைசூரில் ஓர் அரசு அலுவலகத்தின் மூன்றாம் மாடி. மாலை ஐந்தரைக்குள் அவரை டிஸ்மிஸ் செய்யாமல் விட்டால் இருபத்துமூன்று வருஷ சர்வீஸுக்குப் பென்ஷன் வரும். செய்துவிட்டால் அத்தனை வருஷமும் ஆற்றில் கரைத்த புளி.

டிஸ்மிஸ் செய்யக் காரணம் இல்லாமல் இல்லை. ஆறு வருஷத்துக்கு முன் அவரைப் பீதருக்கு மாற்றினார்கள். மாநிலத்தின் வடக்குக் கோடி. மண்டியா தாண்டினாலே மோர்சாதம் செரிக்காத குடும்பம் அவருடையது. அங்கே போய்ச் சேராமலே, முதுகுவலி என்று ஒரு மருத்துவச் சான்றிதழை அனுப்பினார். அது தீர்ந்ததும் இன்னொன்று. பிறகு அனுப்புவதையே விட்டுவிட்டார். முதுகு வலித்தது உண்மைதான். மைத்துனன் வாசுதேவின் ஊதுபத்தி மொத்தக் கடையில் காலை முதல் இரவு வரை கல்லாவில் உட்கார்ந்திருந்தால் யாருக்குத்தான் வலிக்காது?

சூப்பரின்டெண்ட் செல்லக்கண்ணு தமிழ்நாட்டு எல்லையோரக் கோபிநத்தத்துக்காரர். ஃபைலைப் பிரித்தார்.

“ஏனுங்க சாமி, இந்த ஆறு வருசமும் எந்திரிக்கவே முடியாம கெடந்தீங்களாக்கும்?”

“படுத்த படுக்கைன்னா, படுத்த படுக்கை. ஆத்துல வேணா கேட்டுப் பாருங்கோ.”

“அப்ப இது ஆருங்க?”

ஃபைலுக்குள்ளிருந்து வெளியே வந்தது ஒரு கல்யாணப் பத்திரிகை. நாலு மூலையிலும் மஞ்சள் மங்காமல் அப்படியே இருந்தது. மகள் தன்மயியின் கல்யாணம், மூன்று வருஷத்துக்கு முன்னால் நடந்தது. “ஆபீஸைக் கூப்பிடலேன்னா நாளைக்கு நாலு பேர் என்ன பேசுவா?” என்று ஸரஸா கேட்டாள். மனைவி கேட்டது நியாயமாகப் பட்டது. தட்டில் வெற்றிலை பாக்கும் குங்குமமும் வைத்து, மூன்று மாடியும் ஏறி, மேஜை மேஜையாக நின்று அழைத்தார். பெண்ணைப் பெற்றவன் என்பது ஞாபகம் இருந்ததே தவிர, படுக்கையில் கிடப்பவன் என்பது அன்று ஞாபகம் வரவில்லை. பெரிய அதிகாரிக்கு வைத்த பத்திரிகையைத் தபால் பிரிவு முத்திரை குத்தி, எண் போட்டு, கேசவமூர்த்தியின் ஃபைலிலேயே கோத்துவிட்டது. அரசாங்கத்தில் தொலைவதெல்லாம் நமக்கு வேண்டிய காகிதம் மட்டும்தான்.

“நானுந்தான் வந்திருந்தனுங்க. அக்காரவடிசல் அருமை. நீங்கதான் பந்திக்குப் பந்தி குனிஞ்சு குனிஞ்சு நெய் ஊத்துனீங்க.”

நோயாளி என்றால் பத்திரிகை பல்லிளிக்கிறது. திடமாக இருந்தேன் என்றால் வேண்டுமென்றே வராதவன். எந்தப் பக்கம் நகர்ந்தாலும் சுவர்.

செல்லக்கண்ணு நாற்காலியை முன்னுக்கு இழுத்துக் குரலைத் தாழ்த்தினார். “ஒரு வழி இருக்குதுங்க. ஏன் வேலைக்கு வரலைன்னு ரெண்டு வருசத்துக்கு முந்தி உங்களுக்கு நோட்டீஸ் போட்டோம். அதப் பீதர் விலாசத்துக்கு அனுப்பிப்போட்டாங்க, திரும்பி வந்திருச்சு. இதுல கையெழுத்துப் போட்டு, அப்பவே கெடச்ச மாதிரி அந்தத் தேதியப் போட்டுருங்க. கட்டாய ஓய்வுன்னு முடிச்சு, மூணுல ரெண்டு பங்கு பென்ஷன் வாங்கித் தாரேன்.”

“மூணுல ரெண்டா? நாலுல மூணாப் பண்ணப்படாதா?”

கேட்டது அவரல்ல, ஆறு வருஷக் கல்லாப் பழக்கம்.

“சரீங்க, நாலுல மூணு. போடுங்க.”

பேனா பாதி வழியில் நின்றது. கேட்ட மாத்திரத்தில் விலையை இறக்குகிறவனிடம் சரக்கைப் பிரித்துப் பார்க்காமல் வாங்காதே என்பது வாசுதேவ் கடையில் கற்ற முதல் பாடம். கேசவமூர்த்தி நோட்டீஸின் அடியிலிருந்த தாள்களைப் புரட்டினார். விசாரணை, முதல் நாள்: ஊழியர் வரவில்லை. இரண்டாம் நாள்: வரவில்லை. மூன்றாம் நாள்: வரவில்லை.

“நோட்டீஸ் கைக்கு வராதவன் விசாரணைக்கு எப்படி வருவான்? பழைய தேதி போட்டா, கிடைச்சும் வராதவன்னு ஆயிடும். இந்த மூணு தாளும் செல்லுபடியாயிடும். அஞ்சரைக்குள்ள என்னை டிஸ்மிஸ் பண்ணிடலாம். அப்படித்தானே?”

செல்லக்கண்ணு மின்விசிறியைப் பார்த்தார். பிறகு மேஜையைப் பார்த்தார்.

“நோட்டீஸ ஏன் சேர்க்கலைன்னு தணிக்கைக்காரன் என்ர கழுத்தப் புடிக்கிறானுங்க சாமி. எனக்கும் ரெண்டு வருசந்தான் பாக்கி. என்ர பென்ஷனையும் பாக்கோணுமில்லீங்களா?”

“அதுக்கு என்னுதை வித்துடலாம்னு பாத்தேளாக்கும்.”

“வேற என்ரகிட்ட விக்கறதுக்கு என்ன இருக்குதுங்க?”

பதில் நியாயமாக இருந்ததால் கோபம் வர மறுத்தது. கேசவமூர்த்தி பேனாவை எடுத்துப் பெயரை எழுதினார். கீழே அன்றைய தேதி. அதற்கும் கீழே, மதியம் ஒன்று ஐம்பது.

“கெடுத்துப்போட்டீங்களே சாமி!”

“உங்களைக் கெடுத்தேன். என் கதி என்னன்னு சொல்லுங்கோ.”

செல்லக்கண்ணு தலையில் கை வைத்துக்கொண்டே சொன்னார். நோட்டீஸ் இன்றுதான் கிடைத்ததாக ஆகிவிட்டது. விசாரணை இனிமேல்தான் தொடங்கும். சாயங்காலம் ஓய்வு பெற்றவரை நாளைக்கு டிஸ்மிஸ் செய்ய முடியாது. விசாரணை முடியும்வரை தற்காலிகப் பென்ஷன் வரும். முடிந்தபிறகு குறைப்பார்களோ, நிறுத்துவார்களோ, அது மேலிடத்தின் இஷ்டம். பணிக்கொடையை அதுவரை தொட முடியாது.

“முடிய எத்தனை நாளாகும்?”

“எனக்கு முந்தி இந்தச் சீட்டுல இருந்தவரு, வேற ஒரு ஊழியர் மேல ஆரம்பிச்ச விசாரணை இன்னும் ஓடுதுங்க. அந்தாளு செத்தே நாலு வருசமாச்சு.”

“சிவ சிவா!” என்றார் கேசவமூர்த்தி, தாம் வைஷ்ணவர் என்பதையே மறந்து.

“ஒண்ணு மட்டும் கேட்டுக்குங்க. எப்பக் கூப்பிட்டாலும் வந்து நிக்கோணும். ஒருக்கா வராமப் போனாலும் அதுவே போதும் அவிங்களுக்கு. வெளியூர் கிளியூர்னு கெளம்பிராதீங்க.”

சட்டைப்பையில் போன் அடித்தது. ஸரஸா.

“ஏன்னா, ஆச்சா?”

“பென்ஷன் வரும். இப்போதைக்கு வரும்.”

“அப்பாடா! தன்மயி பூனாலேர்ந்து கேட்டுண்டே இருக்கா. பிரசவத்துக்கு முன்னாடியே வந்து ஆறு மாசம் கூட இருக்கணுமாம். ரெண்டு பேருக்கும் ரயில் டிக்கெட் போடச் சொல்லட்டுமா?”

செல்லக்கண்ணு நோட்டீஸை ஃபைலில் கோத்து, நாடாவை இழுத்துக் கட்டிக்கொண்டிருந்தார். கேசவமூர்த்தி அந்த முடிச்சையே பார்த்தார்.

“உனக்கு மட்டும் போடச் சொல்லு,” என்றார்.